வாசகர் கேள்வி – பதில்: டெட் வில்லியம்ஸின் துடுப்பும் அவருடைய எண்களும்

கிரிக்கெட்டுக்கு டொன் பிரட்மன் என்றால் பேஸ்போலுக்கு யார் என்று உப்புவெளி வாசகர் ஒருவர் சென்ற இதழில் கேட்டிருந்தார். துடுப்பாட்டத்தை மட்டும் வைத்துச் சொல்வதானால் பொஸ்டன் ரெட் சொக்ஸ் அணியின் டெட் வில்லியம்ஸ் என்று ஒரே வரியில் எழுதிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். திருகோணமலையில் பேஸ்போலைப் பற்றி இத்தனை பேர் எழுதுவார்கள் என்று எதிர்பார்க்கவில்லை. வந்த கடிதங்களில் ஏழுக்கு மட்டும் இம்முறை பதில் தருகிறேன்.

கேள்வி (ஓர்ஸ்ஹில்லிலிருந்து ஓர் ஆசிரியை): வில்லியம்ஸின் வாழ்நாள் சராசரி .344 என்று என் மகன் இணையத்தில் பார்த்துச் சொல்கிறான். சங்கக்காரவின் டெஸ்ட் சராசரி 57.40. ஒன்றுக்கும் குறைந்த ஓர் எண்ணை வைத்துக்கொண்டு ஒருவரைப் பெரிய துடுப்பாட்டவீரர் என்று எப்படிச் சொல்வது?

பதில்: இரண்டும் வெவ்வேறு கணக்குகள். கிரிக்கெட்டில் எடுத்த மொத்த ஓட்டங்களை ஆட்டமிழந்த தடவைகளால் வகுக்கிறோம். ஆகவே ஒருவர் ஆட்டமிழப்பதற்குள் சராசரியாக எத்தனை ஓட்டங்கள் சேர்ப்பார் என்பதை அது காட்டுகிறது. பேஸ்போலில், தன் அடியாலேயே முதல் பேஸையாவது (ஓடுபவர் வரிசையாகச் சுற்றிவரவேண்டிய நான்கு தரிப்பிடங்களில் முதலாவதையாவது) பத்திரமாகச் சென்றடைந்த தடவைகளை, அதாவது ஹிட்களை, கணக்கில் சேரும் வாய்ப்புகளால் வகுக்கிறார்கள். எனவே அந்த எண் ஒருபோதும் ஒன்றைத் தாண்டாது. .344 என்றால் ஆயிரம் வாய்ப்புகளில் 344 ஹிட்கள் என்று படிக்கவேண்டும்.

குறைவாகத் தெரிகிறதல்லவா? ஆனால் பந்து தரையைத் தொடுமுன் பிடிபட்டால் ஆட்டமிழப்பு. தரையில் உருண்ட பந்தைக் களத்தடுப்பாளர் எடுத்தெறிந்து, ஓடுபவருக்கு முன்னே அது முதல் பேஸைச் சேர்ந்துவிட்டாலும் ஆட்டமிழப்பு. களத்தடுப்பாளர் தவறவிட்டதால் ஓடுபவர் தப்பியிருந்தால் அவர் நிற்கலாம், ஆனால் அவர் பெயரில் ஹிட் எழுதமாட்டார்கள். மென்பந்தில் நாம் செய்வதுபோல் ஒன்றைத் தட்டிவைத்துவிட்டு அடுத்த பந்துக்குக் காத்திருக்கவும் முடியாது, எல்லைக்குள் விழும்படி அடித்தால் ஓடியே ஆகவேண்டும். துடுப்போ தட்டையானதன்று, உருண்டையானது. பந்து வீசப்படும் இடம் 18.44 மீற்றர் தொலைவில்தான் இருக்கிறது. ஆகையால் ஒரு பருவம் முழுவதும் .300 அடிப்பவரை, அதாவது பத்தில் ஏழு முறை தோற்பவரை, அங்கே நல்ல துடுப்பாட்டவீரர் என்று கொண்டாடுகிறார்கள்.

வில்லியம்ஸ் 1939 முதல் 1960 வரை, ஒரே அணிக்காக, 19 பருவங்களில் 2,292 ஆட்டங்கள் ஆடினார். 7,706 வாய்ப்புகளில் 2,654 ஹிட்கள். அவற்றுள் இரண்டாம் பேஸ்வரை கொண்டுசென்றவை 525, மூன்றாம் பேஸ்வரை 71, ஒரே அடியில் எல்லாப் பேஸ்களையும் சுற்றிவந்து ஓட்டம் சேர்த்த ஹோம் ரன்கள் 521. அவருடைய அடியால் அணிக்குச் சேர்ந்த ஓட்டங்கள் 1,839. ஆனால் இவருடைய பட்டியலைத் திறந்தால் நான் முதலில் தேடுவது .344 என்ற எண்ணை அன்று, .482 என்ற எண்ணையே. துடுப்பெடுத்து வந்த எல்லாத் தடவைகளிலும் எவ்விதமாகவேனும் பேஸைச் சேர்ந்த விகிதம் அது. நூறு முறை வந்தால் நாற்பத்தெட்டு முறை ஆட்டமிழக்காமல் நின்றிருக்கிறார். வாழ்நாள் கணக்கில் அதை இன்றுவரை எவரும் தாண்டவில்லை.

அந்த எண் எங்கிருந்து வந்ததென்றால், அவர் அடிக்காமல் விட்ட பந்துகளிலிருந்து. அடிப்பவருக்கு எட்டும் பந்து இதுவென்று விதி வகுத்த வரம்புக்கு வெளியே வரும் நான்கு பந்துகளைத் தொடாமல் விட்டால் முதல் பேஸ் இலவசம்; இதனை வோக் என்பார்கள், இது சராசரிக் கணக்கின் வாய்ப்புகளில் சேராது. வில்லியம்ஸுக்கு 2,021 வோக். அடிக்க முயன்று தவறியோ, வரம்புக்குள் வந்ததைப் பார்த்திருந்தோ மூன்று ஸ்ட்ரைக்கில் வீழ்ந்தது 709 முறை மட்டுமே. வரம்பை அகலத்தில் ஏழு, உயரத்தில் பதினொன்று என 77 பந்துகள் அளவாகப் பிரித்து, நடுவில் வரும் பந்தில் தன்னால் .400 அடிக்க இயலும், வெளிப்புறத்துக் கீழ்மூலையில் .230 தான் என்று அவர் பின்னாளில் படம் போட்டுக் காட்டினார். சக வீரர்கள் பேஸில் காத்திருக்கும்போது சற்று வெளியே போகும் பந்தையும் துணிந்து அடித்திருக்கவேண்டாமா என்று பொஸ்டன் பத்திரிகைகள் அவரைப் பல ஆண்டுகள் கடிந்துகொண்டன. அவர் அசையவில்லை. என் தீர்ப்பைக் கேட்டால், பத்திரிகைகள் அல்ல, அவரே சரி.

கேள்வி (நிலாவெளியிலிருந்து ஒரு கல்லூரி மாணவர்): 1941 இல் கடைசி நாளுக்கு முன்னரே அவருடைய சராசரி .400 ஆக இருந்ததாம். பின் ஏன் ஆடினார்? பிரட்மனுக்கும் கடைசி ஆட்டத்தில் இப்படியொன்று நேர்ந்ததே, இரண்டையும் ஒப்பிட முடியுமா?

பதில்: இதைச் சற்று நிதானமாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் சுவை முழுவதும் கணக்கில்தான் இருக்கிறது.

1941 செப்டெம்பர் 27, சனிக்கிழமை ஆட்டத்துக்கு முன் வில்லியம்ஸ் .401 இல் இருந்தார். அன்று நான்கு வாய்ப்புகளில் ஒரே ஒரு ஹிட். அதன் பின் 448 வாய்ப்புகளில் 179 ஹிட்கள் என்றாயிற்று. வகுத்துப் பாருங்கள்: 0.39955. மூன்று தசமத்துக்கு முழுமையாக்கினால் .400. பருவத்தில் மீதியிருந்தவை மறுநாள் ஞாயிறு பிலடெல்பியாவின் ஷைப் பார்க்கில் அதலெட்டிக்ஸ் அணிக்கு எதிரான இரண்டு ஆட்டங்கள் மட்டுமே. விரும்பினால் ஓய்வெடுக்கலாம் என்று முகாமையாளர் ஜோ க்ரோனின் இடமளித்தார். ஆடுகிறேன் என்றார் வில்லியம்ஸ். அன்றிரவு அணியின் உடைமாற்று அறைப் பொறுப்பாளரோடு பிலடெல்பியாத் தெருக்களில் நெடுநேரம் நடந்தார். அப்போது வயது 23.

ஆபத்து எவ்வளவு என்பதைக் கவனியுங்கள். ஞாயிற்றுக்கிழமை முதல் வாய்ப்பிலேயே ஆட்டமிழந்திருந்தால் 449 இல் 179, அதாவது .399. பிறகு எந்த முழுமையாக்கலும் அவரைக் காப்பாற்றியிராது. முதல் வாய்ப்பில் அடித்தார், முதல் பேஸ். 449 இல் 180, அதாவது .401. இரண்டாவது வாய்ப்பில் ஹோம் ரன்; .402. மேலும் இரண்டு ஹிட்கள் சேர்ந்து முதல் ஆட்டம் முடிந்தபோது ஐந்துக்கு நான்கு, 453 இல் 183, சராசரி .404. அப்போதும் இரண்டாவது ஆட்டத்திலிருந்து விலகியிருக்கலாம், ஒருவரும் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். அதிலும் இறங்கி மூன்றுக்கு இரண்டு அடித்தார். அவற்றுள் ஒன்று வலப்புறத்து மதில்மேல் பொருத்தியிருந்த ஒலிபெருக்கியில் போய் மோதிய இரண்டு பேஸ் அடி. இருள் சூழ்ந்ததால் அந்த ஆட்டத்தை வழக்கமான ஒன்பது இன்னிங்ஸ் ஆடாமல் எட்டாவதோடு நிறுத்தினார்கள். மொத்தம் 456 இல் 185. அதுவே .406.

இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லவேண்டும். பந்து உயரப் போய்ப் பிடிபட்டாலும், அதனால் மூன்றாம் பேஸில் இருந்தவர் ஓடி ஓட்டம் சேர்த்தால், இன்றைய விதிப்படி அது அடித்தவரின் வாய்ப்புக் கணக்கில் வராது. 1941 இல் அந்தச் சலுகை இல்லை, அவையும் தோல்விகளாகவே எழுதப்பட்டன. இன்றைய விதியில் அவருடைய எண் .406 ஐவிடச் சற்று மேலே இருந்திருக்கும்.

பிரட்மனின் கதை நம்மவர்களுக்குத் தெரிந்ததே. 1948 ஓகஸ்ட், லண்டன் ஓவல் மைதானம். வாழ்நாள் சராசரி நூறாக நான்கு ஓட்டங்கள் போதும் என்ற நிலையில் எரிக் ஹொலிஸின் இரண்டாவது பந்தில் ஓட்டமின்றி வீழ்ந்தார். 6,996 ஓட்டங்களை 70 ஆட்டமிழப்புகளால் வகுத்தால் 99.94. இரண்டையும் அருகருகே வைப்பது எழுதுகிறவர்களுக்கு வசதிதான், ஆயினும் எனக்கு அதில் முழு உடன்பாடில்லை. பிரட்மனுக்கு ஆடாமலிருக்கும் வழி இல்லை. தேசிய அணியின் தலைவர், இறங்கியே ஆகவேண்டும். வில்லியம்ஸுக்கு அந்த வழி திறந்திருந்தது, அதுவும் ஒரே நாளில் இரண்டு முறை.

கேள்வி (உவர்மலை வாசகர்): அவ்வளவு அடித்த ஆண்டில் லீக்கின் மிகச்சிறந்த வீரர் விருது அவருக்குத்தானே கிடைத்திருக்கும்?

பதில்: கிடைக்கவில்லை. அதே 1941 இல் நியூயோர்க் யாங்கீஸின் ஜோ டிமாஜியோ தொடர்ச்சியாக 56 ஆட்டங்களில் ஹிட் அடித்தார், அவருடைய அணியும் வென்றது. விருது அவருக்குப் போயிற்று. 1942 இல் சராசரி, ஹோம் ரன், அணிக்குச் சேர்த்த ஓட்டம் ஆகிய மூன்றிலும் வில்லியம்ஸ் முதலிடம். விருது யாங்கீஸின் ஜோ கோர்டனுக்கு. 1947 இலும் அதே மூன்றிலும் முதலிடம். மறுபடியும் டிமாஜியோ, ஒரே ஒரு புள்ளி வித்தியாசத்தில். வாக்களித்தவர்கள் பத்திரிகையாளர்கள், அவர்களோடு இவருக்கு ஒத்துப்போனதே இல்லை. 1946, 1949 ஆகிய ஆண்டுகளில் மட்டும் கொடுத்தார்கள்.

கேள்வி (மூதூரிலிருந்து ஒரு வாசகர்): பருவக் கணக்குகள் இருக்கட்டும். தனி ஆட்டங்களில் அவர் காட்டிய பெரிய துடுப்பாட்டங்கள் எவை?

பதில்: முதலாவது, 1941 ஜூலை 8 ஆம் திகதி டெட்ரோயிட்டில் நடந்த நட்சத்திர வீரர்கள் ஆட்டம், அதாவது அமெரிக்க லீக், நெஷனல் லீக் என்ற இரண்டு பெரிய லீக்குகளின் சிறந்த வீரர்கள் மோதும் ஆட்டம். கடைசி இன்னிங்ஸில் இரண்டு பேர் ஆட்டமிழந்து, இன்னும் ஒருவர் வீழ்ந்தால் ஆட்டமே முடியும் என்ற நிலையில் அமெரிக்க லீக் அணி 4–5 எனப் பின்தங்கியிருந்தது, பேஸில் இருவர் நின்றார்கள். க்ளோட் பசோ வீசிய பந்தை வில்லியம்ஸ் ஹோம் ரன்னாக்கினார். 7–5 என்று ஆட்டம் அங்கேயே முடிந்தது. பேஸ்களைச் சுற்றிவரும்போது சிறுபிள்ளைபோல் துள்ளிக் கைதட்டிக்கொண்டே ஓடினார்.

ஆயினும் ஒரு கோடைகாலத்தை மட்டும் பார்க்கவேண்டுமென்றால் 1946 ஐப் பாருங்கள். ஜூன் 9 அன்று பொஸ்டனின் ஃபென்வே பார்க்கில் அவர் அடித்த ஒரு பந்து 502 அடி, ஏறத்தாழ 153 மீற்றர், சென்று பார்வையாளர் ஒருவரின் வைக்கோல் தொப்பியில் விழுந்தது. அந்த ஓர் ஆசனம் மட்டும் இன்றும் பச்சை வரிசைகளுக்கு நடுவே சிவப்பு நிறத்தில் இருக்கிறது. ஒரு மாதம் கழித்து, ஜூலை 9 அன்று, அதே மைதானத்தில் நட்சத்திர வீரர்கள் ஆட்டம். நான்கு வாய்ப்புகள், நான்கு ஹிட்கள், இரண்டு ஹோம் ரன்கள், ஒரு வோக். 12–0 வெற்றியில் ஐந்து ஓட்டங்கள் இவருடைய அடியால் வந்தவை. இரண்டாவது ஹோம் ரன் விசேடமானது. ரிப் சூவல் என்ற பந்துவீச்சாளர் பந்தை வானத்தை நோக்கித் தூக்கி எறிந்து மெல்ல இறங்கவைக்கும் ஒரு வித்தை வைத்திருந்தார். வேகம் இல்லாத பந்தாகையால் அடிப்பவர் தன் பலம் முழுவதையும் தானே கொடுத்தாகவேண்டும். வில்லியம்ஸ் ஓரிரு அடி முன்னே நகர்ந்து சென்று அதை வலப்புற மதிலுக்கு அப்பால் அனுப்பினார்.

அதற்கும் ஐந்து நாட்களின் பின் கிளீவ்லண்ட் அணியோடு இரட்டை ஆட்டம். முதலாவதில் மூன்று ஹோம் ரன்கள், எட்டு ஓட்டங்கள் இவருடைய கணக்கில். பொஸ்டன் 11–10 என வென்றது. பொறுக்கமாட்டாத எதிரணித் தலைவர் லூ பூட்ரோ இரண்டாவது ஆட்டத்தில் ஏறக்குறைய எல்லாக் களத்தடுப்பாளர்களையும் மைதானத்தின் வலப்பக்கத்துக்குக் கொண்டுபோய் நிறுத்தினார். இடக்கை ஆட்டக்காரரான வில்லியம்ஸ் பெரும்பாலும் அந்தப் பக்கமே அடிப்பார் என்பதால் செய்த ஏற்பாடு அது. இடப்பக்கம் காலியாகக் கிடக்க, அங்கே தட்டிவிட்டு ஓடுவதை விட்டு, பெரும்பாலும் அவர் வலப்பக்கமே அடித்துக்கொண்டிருந்தார். இந்தப் பிடிவாதம் அவருடைய சராசரியில் எவ்வளவைத் தின்றிருக்கும் என்று இன்றும் வாதாடுகிறார்கள்.

அதே ஆண்டின் முடிவையும் மறைக்கக்கூடாது. வாழ்நாளில் அவர் ஆடிய ஒரே இறுதித் தொடர் 1946 அக்டோபரில் சென் லூயிஸ் கார்டினல்ஸுக்கு எதிராக நடந்தது. ஏழு ஆட்டங்கள், 25 வாய்ப்புகள், ஐந்து ஹிட்கள், சராசரி .200, ஹோம் ரன் எதுவும் இல்லை. தொடரும் கைநழுவிற்று.

1957 இல் 39 வயதில் .388 அடித்ததையும், அந்த செப்டெம்பரில் தொடர்ந்து 16 முறை ஆட்டமிழக்காமல் பேஸைச் சேர்ந்ததையும், 1960 செப்டெம்பர் 28 அன்று தன் கடைசி வாய்ப்பில் 521 ஆவது ஹோம் ரன்னை அடித்துவிட்டு விளையாட்டிலிருந்து விலகியதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி (சீனக்குடாவிலிருந்து ஓர் ஓய்வூதியர்): 1942 ஏப்ரல் 9 அன்று ஜப்பானிய விமானங்கள் நமது துறைமுகத்திலும் சீனக்குடா விமானத்தளத்திலும் குண்டுபோட்டதை என் தகப்பனார் சொல்லக் கேட்டு வளர்ந்தவன் நான். வில்லியம்ஸ் அதே யுத்தத்தில் விமானி என்று அறிகிறேன். யுத்தம் இல்லாவிட்டால் அவருடைய கணக்கு எங்கே போயிருக்கும்?

பதில்: சீனக்குடாவில் குண்டு விழுந்த அடுத்த மாதமே அவர் அமெரிக்கக் கடற்படையில் பெயர் பதிந்தார். 1943, 1944, 1945 ஆகிய மூன்று பருவங்களில் ஓர் ஆட்டம்கூட இல்லை. ஒரு துடுப்பாட்டவீரரின் கையும் கண்ணும் உச்சத்தில் இருக்கும் வயது அது. அந்த யுத்தத்தில் அவர் பிற விமானிகளைப் பயிற்றுவித்தார், போர்முனைக்குப் போகவில்லை. போர்முனை வந்தது கொரியாவில். 1952 இல் மீண்டும் அழைக்கப்பட்டபோது ஆறு ஆட்டங்களே ஆடியிருந்தார். ஏப்ரல் 30 அன்று ஒரு ஹோம் ரன் அடித்துவிட்டுப் புறப்பட்டார். 39 முறை போர்ப் பறப்பில் ஈடுபட்டார். 1953 பெப்ரவரியில் சுடப்பட்டுத் தீப்பிடித்த ஜெட் விமானத்தைச் சக்கரங்கள் இல்லாமல் வயிற்றால் உராய்ந்து தரையிறக்கி உயிர்தப்பினார். அதே ஆண்டு ஓகஸ்டில் அணிக்குத் திரும்பி, ஆடிய 37 ஆட்டங்களில் 91 வாய்ப்புகளில் 37 ஹிட்கள், .407, 13 ஹோம் ரன்கள். இந்த எண்ணைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வியப்பு அடங்குவதில்லை.

இழந்ததை நிரப்பிக் காட்டும் கணக்கு எளிதுதான். யுத்தத்துக்கு முந்திய 1942 இல் 36 ஹோம் ரன்கள், திரும்பிவந்த 1946 இல் 38. நடுவே ஆண்டுக்கு 37 என்று மூன்று ஆண்டுகளுக்கு 111 ஐச் சேர்த்தால் 521 என்பது 632 ஆகும், கொரியாவையும் சேர்த்தால் இன்னும் மேலே போகும். அமெரிக்காவில் பலர் இப்படி எழுதியிருக்கிறார்கள். நான் எழுதமாட்டேன். 1950 இல் நட்சத்திர வீரர்கள் ஆட்டத்தில் மதிலில் மோதி முழங்கை உடைந்து, அந்தப் பருவத்தில் 89 ஆட்டங்களே ஆடினார். 1954 இல் பயிற்சியின் முதல் நாளே தோள்பட்டைக் காறை எலும்பு முறிந்தது. யுத்தம் இல்லாத 1943 இல் அவருக்கு என்ன நேர்ந்திருக்கும் என்பதை எந்தப் பெருக்கல் சொல்லும்? நமது ஊர் விளையாட்டுக் கழகங்களின் ஏடுகளிலும் யுத்தத்தால் ஆட்டமே நடக்காத ஆண்டுகள் உண்டு. அவற்றைப் பின்னர் எவரும் உத்தேச ஓட்டங்களால் நிரப்பவில்லை. வில்லியம்ஸின் பட்டியலிலும் அந்த வரிகள் வெறுமையாக இருப்பதே முறை.

கேள்வி (கிண்ணியாவிலிருந்து ஒரு வாசகி): .400 அடித்த கடைசி வீரர் இவரே என்பது சரியா?

பதில்: அமெரிக்க லீக், நெஷனல் லீக் என்ற இரண்டுக்குள் மட்டும் பார்த்தால் சரி. 1980 இல் ஜோர்ஜ் பிரெட் .390 வரை வந்தார். 1994 இல் டோனி க்வின் .394 இல் நின்றபோது வீரர்களின் வேலைநிறுத்தத்தால் பருவமே நின்றுபோயிற்று. ஆனால் நிறவெறியால் ஒதுக்கப்பட்ட கறுப்பின வீரர்கள் தனியே ஆடிய நீக்ரோ லீக்குகளின் கணக்குகளும் 2024 இல் முதல்தரப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டன. அதன்படி 1943 இல் ஜோஷ் கிப்சன் அடித்த .466 தான் இப்போது ஒரு பருவத்தின் மிகவுயர்ந்த சராசரி. அந்த லீக்குகளில் பருவங்கள் குறுகியவை என்பது உண்மை, அது அவர்கள் விரும்பித் தேடிக்கொண்டதன்று. 1966 இல் புகழ்மண்டபத்தில் சேர்க்கப்பட்டபோது வில்லியம்ஸ் தம்முடைய ஏற்புரையிலேயே சாச்சல் பேஜையும் ஜோஷ் கிப்சனையும் பெயர் சொல்லி, அவர்களும் அங்கே இடம்பெறவேண்டும் என்று கேட்டவர். இந்தத் திருத்தம் அவருக்குக் கசந்திராது.

கேள்வி (தம்பலகாமத்திலிருந்து ஓர் உடற்கல்வி ஆசிரியர்): எங்கள் பாடசாலை எல்லே அணிக்கு இதேபோல் ஒரு துடுப்பாட்டப் பட்டியல் வைக்க ஆசை. எந்த எண்களைக் குறிக்கவேண்டும்?

பதில்: எல்லேயில் வோக் கிடையாது, அதனால் உங்கள் வேலை பாதியாகக் குறைந்துவிட்டது. ஒவ்வொரு மாணவருக்கும் ஒரு வரி போடுங்கள். முதல் கட்டத்தில் தடியெடுத்து வந்த தடவைகள். அடுத்ததில், அடித்தபின் பிடிபடாமலும் ஓடும்போது பந்தடி படாமலும் ஒரு தரிப்பிடத்தையாவது சேர்ந்த தடவைகள். இதை முதலாவதால் வகுத்தால் சராசரி. மூன்றாவதில், ஒவ்வோர் அடிக்கும் எத்தனையாவது தரிப்பிடம்வரை ஓடினார் என்பதை 1, 2, 3 என்றும், முழுச்சுற்றுக்கு 4 என்றும் எழுதிக் கூட்டுங்கள். அந்தக் கூட்டுத்தொகையையும் தடியெடுத்த தடவைகளால் வகுத்தால் அடியின் பலம் தெரியும். வில்லியம்ஸுக்கு அந்த இரண்டாவது எண் .634. நான்காவதாக, கொடுத்த மூன்று வாய்ப்புகளில் எத்தனையாவது பந்தை அடித்தார் என்பதையும் குறித்துவையுங்கள்; முதல் பந்திலேயே பாய்கிறவர்களையும் பொறுத்து அடிக்கிறவர்களையும் ஒரு தவணைக்குள் பிரித்துப் பார்த்துவிடலாம். களத்தடுப்பாளர் பந்தைக் கோட்டைவிட்டதால் தப்பியவர்களுக்கு மட்டும் இரண்டாவது கட்டத்தில் எதையும் எழுதாதீர்கள், மாணவர்கள் எவ்வளவு சண்டை பிடித்தாலும்.